கோல் போடாதவனுக்கு என்ன சம்பளம்?

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை. இங்கே கல்கத்தாவில் லேக் மார்க்கெட் பக்கம் இருக்கும் நாலைந்து தமிழ்க் குடும்பங்கள் ஒரு வீட்டில் கூடிச் சாப்பிட்டோம். இந்த ஊரில் எங்கே நாலு பேர் கூடினாலும் பேச்சு கால்பந்தில்தான் போய் நிற்கும். என் பையன் பள்ளி அணியில் ஆடுகிறான், பதினாலு வயது. நண்பர் ஒருவர் அவனைப் பிடித்துக்கொண்டார்.

"என்னடா தம்பி, இந்த சீசன்ல எத்தனை கோல்?"

"ஒண்ணும் இல்ல அங்கிள்."

"அப்ப கிரவுண்டுல போய் என்னதான் பண்ற?"

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அதுதான் இப்போது உறுத்துகிறது.

வீட்டுக்கு வரும் வழியில் பையன் சொன்னான்: "அப்பா, கோச்சுகிட்ட பேசி என்னை ஃபார்வர்டுல போடச் சொல்லுங்க. டிஃபென்சுக்கு முன்னாடி நின்னுகிட்டே இருக்கேன், ஒருத்தருக்கும் என் பேருகூடத் தெரியல. இல்லாட்டி நான் நிறுத்திடறேன்." அன்று ராத்திரி எனக்குப் பதில் வரவில்லை. இப்போது சொல்கிறேன். இது அவனுக்கு மட்டுமல்ல, கேட்ட நண்பருக்கும், கூடச் சிரித்த எனக்கும் சேர்த்துத்தான்.

க்ளோட் மாக்கெலேலே என்று ஒரு மிட்ஃபீல்டர் இருந்தார். பிறந்தது 1973-ல், கின்ஷாசாவில். அப்போது அந்த நாட்டுக்குப் பெயர் ஜயர். அப்பாவும் கால்பந்து ஆடியவர். க்ளோடுக்கு நாலு வயதாக இருக்கும்போது குடும்பம் பிரான்சுக்குக் குடிபெயர்ந்தது. பாரிஸ் நகரத்துக்கு வெளியே வளர்ந்த புலம்பெயர்ந்த வீட்டுப் பிள்ளை. நாந்த் அணியில் பெரிய ஆட்டத்துக்குள் நுழைந்தார். 1994-95 சீசனில் அந்த அணி ஒரே ஒரு ஆட்டத்தில்தான் தோற்று பிரெஞ்சு லீக் பட்டத்தை எடுத்தது. நம்மில் பலருக்குத் தெரியாத செய்தி ஒன்று: அப்போது அவர் வலது பக்கம் ஓடி முன்னேறி ஆடுகிறவர். பிறகு மார்செய், அங்கிருந்து 1998-ல் ஸ்பெயினின் செல்டா விகோ. அங்கேதான் டிஃபென்சுக்கு முன்னால் நிற்கும் வேலைக்கு வந்தார். 1994-ல் பிரேசிலோடு உலகக் கோப்பை வென்ற மசின்யோ அங்கே கூட ஆடினார். அந்த இடத்தின் நுணுக்கங்களை அவரிடம் கற்றார்.

ஆக, கோல் பக்கம் போகத் தெரியாமல் பின்னால் தள்ளப்பட்டவர் இல்லை இவர். 2000-ஆம் ஆண்டு யுவெண்டஸை 4-0 என்று செல்டா நசுக்கிய ஆட்டத்தில் முதல் நிமிடத்திலேயே கோல் போட்டவர் இவர்தான். வேறொன்று செய்யத் தெரிந்தவர், இந்த வேலையைப் படித்துக்கொண்டார். இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வேண்டும்.

அதே 2000 கோடையில் ஃப்ளோரெண்டினோ பெரெஸ் என்பவர் ரியல் மாட்ரிட்டின் தலைவர் ஆனார். பெரிய கட்டுமானக் கம்பெனி நடத்துகிறவர், கணக்கில் புலி. பார்சிலோனாவிலிருந்து ஃபிகோவைக் கொண்டுவருவேன் என்று சொல்லித் தேர்தலில் ஜெயித்தார், கொண்டும் வந்தார். ரெடோண்டோ மிலானுக்கு விற்கப்பட்டார். அந்தக் காலி இடத்துக்கு வந்தவர்தான் மாக்கெலேலே. மறு வருடம் ஜிடேன், அதற்கடுத்து ரொனால்டோ. வருடத்துக்கு ஒரு சூப்பர் ஸ்டார்.

மாக்கெலேலே இருந்த மூன்று வருடத்தில் இரண்டு லீக் பட்டம், ஒரு சாம்பியன்ஸ் லீக். 2002 கிளாஸ்கோ இறுதி ஆட்டத்தில் ஜிடேன் அந்தரத்தில் அடித்த அந்த கோல் உங்களுக்கு ஞாபகம் இருக்கும். அந்த நேரத்தில் பின்னால் காவலுக்கு நின்றது யார் என்று ஞாபகம் இருக்கிறதா? எனக்கும் இல்லை, தேடித்தான் பார்த்தேன்.

அவர் வேலை என்ன? இடது பக்கம் ராபர்ட்டோ கார்லோஸ் ஒரு டிஃபெண்டர், ஆனால் பாதி நேரம் எதிரணிக் கோல் பக்கம்தான் இருப்பார். அவர் விட்டுப்போன பள்ளத்தில் போய் நிற்பது மாக்கெலேலே. ஜிடேன் முன்னேறினால், ஃபிகோ பந்தை இழந்தால், எதிரணி அடுத்த பாஸை எங்கே கொடுக்கும் என்று முன்கூட்டியே கணித்து அந்த வழியில் நிற்பதும் அவரே. விழுந்து புரண்டு பந்தைப் பிடுங்குவது குறைவு. சரியான இடத்தில் நின்றுவிட்டால் விழ வேண்டிய தேவை வராது. பந்து கிடைத்ததும் மூன்று நாலு மீட்டரில் இருப்பவருக்குத் தள்ளிவிடுவார்.

2003-ல் இவர் சம்பள உயர்வு கேட்டார். அணியின் நட்சத்திரங்கள் வாங்கியதில் ஒரு சிறு பங்குதான் இவருக்கு. ஜிடேன் அளவுக்குக் கேட்கவில்லை, கூட்டிக் கொடுங்கள் என்றார். முடியாது என்றார்கள். விலகல் கடிதம் கொடுத்தார். செல்சி 16 மில்லியன் பவுண்டுக்குச் சற்று மேல் கொடுத்து வாங்கிக்கொண்டது. அதே கோடையில்தான் மாட்ரிட் பெக்காமை வாங்கியது. அதற்கு 35 மில்லியன் யூரோ வரை கொடுக்கப் பணம் இருந்தது.

போகிறவரை வாழ்த்தி அனுப்பும் பண்புகூட இல்லை. பெரெஸ் பேசியது உலகம் முழுக்க அச்சானது. அதன் சாரம்: இவருடைய டெக்னிக் சுமார், வேகம் இல்லை, தலையால் ஆட வராது, பாஸ்களில் தொண்ணூறு சதவீதம் பின்னாலோ பக்கவாட்டிலோதான் போகும், இளைஞர்கள் வந்தால் இவரை எல்லோரும் மறந்துவிடுவார்கள். ஜிடேன் சொன்னதாக இன்றுவரை திரும்பத் திரும்பச் சொல்லப்படும் பதிலும் உண்டு: எஞ்சினையே கழற்றி விற்றுவிட்டு, பென்ட்லி காருக்கு இன்னொரு பூச்சு தங்க வர்ணம் அடித்து என்ன பயன்?

பெரெஸ் சொன்ன குறைகளை ஒன்றொன்றாக எடுத்துப் பாருங்கள். முக்கால்வாசி உண்மைதான்! பக்கவாட்டில்தான் பாஸ் கொடுத்தார். ஏனென்றால் பக்கத்தில் நின்றவர் ஜிடேன். ஜிடேன் மூன்று மீட்டரில் நிற்கும்போது நாற்பது மீட்டர் பாஸ் அடிப்பவன்தான் முட்டாள். பெரெஸிடம் தகவல் தப்பில்லை, தலைப்புதான் தப்பு. ஜிடேனுக்கான படிவத்தில் மாக்கெலேலேவுக்கு மார்க் போட்டார்.

சரி, கணக்குக்கு வருவோம். பி.காம். படித்தவனை வேறெப்படித் திருப்திப்படுத்துவது?

2002-03 லீகில், மாக்கெலேலேவோடு, மாட்ரிட் போட்ட கோல் 86, வாங்கிய கோல் 42. மறு சீசன், அவர் இல்லாமல், பெக்காமோடு: போட்டது 72, வாங்கியது 54. பன்னிரண்டு கோல் கூடுதலாக வாங்கினார்கள், அது எதிர்பார்க்கக்கூடியது. ஆனால் போட்ட கோலும் பதினாலு குறைந்தது பாருங்கள். தாக்குதலுக்கு இன்னும் ஒரு நட்சத்திரம் வந்த பிறகு! பின்னால் வாசல் திறந்து கிடந்தால் முன்னால் போகிறவன் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டுதான் போவான்.

அந்த 2004 மார்ச்சில் ஸ்பெயின் கோப்பை இறுதியில் சரகோசாவிடம் தோல்வி. ஏப்ரலில் சாம்பியன்ஸ் லீக் காலிறுதியில், முதல் ஆட்டத்தை 4-2 என்று வென்றும் மொனாக்கோவில் 1-3 தோற்று வெளியேற்றம். லீகில் கடைசி ஐந்து ஆட்டமும் வரிசையாகத் தோல்வி, நாலாவது இடம். 2006 பிப்ரவரியில் பெரெஸ் ராஜினாமா செய்தார்.

அந்தப் பக்கம் செல்சியைப் பாருங்கள். 2004-05-ல் மொரின்யோ வந்தார். இங்கிலாந்தில் அப்போது பெரும்பாலான அணிகள் நடுவில் இரண்டு பேரை ஒரே கோட்டில் நிறுத்தும். இவர் மாக்கெலேலேவைப் பின்னால் நிறுத்தி முன்னால் இரண்டு பேரை விட்டார். முன்னால் இருக்கும் இருவரை எதிரணியின் இருவர் பிடித்தால் மாக்கெலேலேவைப் பிடிக்க ஆள் இல்லை. இவரைப் பிடிக்க ஒருவன் வந்தால் லாம்பார்டு ஃப்ரீ. அந்த சீசனில் லாம்பார்டு லீகில் 13 கோல் போட்டார். 38 ஆட்டத்தில் செல்சி வாங்கிய மொத்த கோல் 15. ஐம்பது வருடம் கழித்து லீக் பட்டம். மறு வருடமும் பட்டம்.

பட்டம் கையில் வந்துவிட்ட பிறகு, 2005 மே மாதம் சார்ல்டனோடு ஒரு ஆட்டம். கடைசி நிமிடத்தில் பெனால்டி. கூட ஆடியவர்கள் எல்லோரும் சேர்ந்து மாக்கெலேலேவை அடிக்கச் சொன்னார்கள், செல்சிக்காக அவர் அதுவரை ஒரு கோலும் போட்டதில்லை. அடித்தார், கீப்பர் தடுத்துவிட்டார்! திரும்பி வந்த பந்தைத் தட்டி உள்ளே போட்டார். மொத்த அணியும் அவர் மேல் பாய்ந்து விழுந்தது. பெரெஸுக்குத் தெரியாதது கூட ஆடியவர்களுக்குத் தெரிந்திருந்தது.

இப்போது எதிர்வாதங்கள். சும்மா விடமாட்டீர்கள் என்று தெரியும்.

ஒன்று: மாட்ரிட் சரிந்ததற்கு மாக்கெலேலே மட்டுமா காரணம்? இல்லை. பட்டம் வென்ற சூடு ஆறுவதற்குள் பயிற்சியாளர் டெல் போஸ்கேயையும் கேப்டன் ஹியரோவையும் அனுப்பினார்கள். முன்னால் ஜிடேன் போன்ற நட்சத்திரங்கள், பின்னால் பாவோன் போன்ற உள்ளூர்ப் பையன்கள், இதுதான் கொள்கை. நடுவில் இருக்கிற அனுபவசாலித் தொழிலாளிக்கு அதில் இடமே இல்லை. ஆனால் இது என் வாதத்துக்கு எதிரானதா? அமைதியாக வேலை செய்த மூன்று பேரையும் ஒரே கோடையில் அனுப்பினார்கள் என்றால் அது ஒரு தவறு இல்லை, நோய்.

இரண்டு: வியாபாரத்தில் ஜெயித்தார்களே? ஜெயித்தார்கள். 2004-05 கணக்கில் மான்செஸ்டர் யுனைடெட்டை முந்தி உலகிலேயே அதிக வருமானம் உள்ள கிளப் ஆனது மாட்ரிட். பெக்காம் சட்டை விற்றது, மாக்கெலேலே சட்டை விற்றிருக்காது. ஒத்துக்கொள்கிறேன். ஆனால் மிச்சம் பிடித்த சம்பளம் எங்கே போனது என்றும் பாருங்கள். அந்த இடத்தை நிரப்ப ஆள் மாற்றி ஆள் வாங்கினார்கள். 2006-ல் கபெல்லோ பயிற்சியாளராக வந்ததும் முதல் வேலையாக டிஃபென்சுக்கு முன்னால் நிற்க இரண்டு பேரை வாங்க வைத்தார். எமர்சன் ஒருவர், மஹமது தியாரா இன்னொருவர். தியாராவுக்கு மட்டும் 26 மில்லியன் யூரோ. அந்த சீசனில்தான் மறுபடி லீக் பட்டம். நான்கு வருடம் காத்திருந்து, ஒரு சம்பள உயர்வைவிடப் பல மடங்கு செலவு செய்து.

மூன்று: முப்பது வயதான ஆளுக்கு யார் கூட்டிக் கொடுப்பார்கள்? அந்த முப்பது வயதுக்காரர் செல்சியில் ஐந்து சீசன், பிறகு பாரிஸ் சான் ஜெர்மனில் மூன்று சீசன் ஆடினார். 2011-ல்தான் நிறுத்தினார்.

நான்கு: அவர் என்ன புனிதரா? இல்லை. 2004-ல் மொனாக்கோவோடு நடந்த அரையிறுதியில் எதிரணிக்காரர் லேசாகத் தொட்டதற்கு இடி விழுந்த மாதிரி விழுந்தார், அவர் சிவப்பு அட்டை வாங்கி வெளியே போனார். பார்க்க அசிங்கமாக இருந்தது. பத்துப் பேரோடு ஆடிய மொனாக்கோவே ஜெயித்தது, நல்லது. அவர் நல்லவரா என்பது கேள்வியே இல்லை. அவர் வேலைக்கு என்ன விலை என்பதுதான் கேள்வி.

பிரான்ஸ் நடத்திய விதமும் லட்சணம்தான். கோப்பை வென்ற 1998 அணியிலும் 2000 அணியிலும் இவர் இல்லை. 2004-ல் ஓய்வு பெற்றார். 2005-ல் அணி தகுதிச் சுற்றில் தவித்தபோது ஜிடேன், துராமோடு இவரும் திரும்பினார். 2006 உலகக் கோப்பையில் ஏழு ஆட்டத்தில் பிரான்ஸ் வாங்கியது மூன்றே கோல், இறுதி ஆட்டம் வரை போனார்கள். நமக்கு ஞாபகம் இருப்பது ஜிடேன் தலையால் முட்டியது மட்டும். அதன் பிறகு இவர் போதும் என்றபோது பயிற்சியாளர் டொமெனெக் விடவில்லை. நாட்டு அணி கூப்பிட்டு மறுத்தால் கிளப்புக்கும் ஆட முடியாது என்பது விதி. மொரின்யோ அடிமைபோல நடத்துகிறார்கள் என்று கத்திப் பார்த்தார். வேண்டும் என்றபோது எடுக்காதவர்கள், போகிறேன் என்றபோது விடவில்லை. 71 ஆட்டம், கோல் பூஜ்யம்.

இனி நான் சொல்ல வந்த விஷயம்.

வங்கியில் இருபது வருடத்துக்கு மேல் குப்பை கொட்டியவன் நான். எங்கள் தொழிலில் பத்து கோடி கடன் கொடுத்து வியாபாரம் பிடித்தவருக்குக் கைதட்டல் கிடைக்கும். அதே போன்ற மனுவைப் படித்து, ஸ்டாக் ஸ்டேட்மெண்டில் ஓட்டையைக் கண்டுபிடித்து, "வேண்டாம்" என்று எழுதியவருக்கு? கொடுக்காத கடன் வராக்கடன் ஆகாது. நடக்காத நட்டத்துக்குப் பேலன்ஸ் ஷீட்டில் இடம் கிடையாது. பெரெஸ் செய்தது இந்தத் தப்புதான். வந்ததை எண்ணினார், வராமல் தடுத்ததை எண்ணவில்லை.

ஆனால் இதைவிடப் பெரிய தப்பு ஒன்று உண்டு, அதை பெரெஸ் செய்யவில்லை, நாம் செய்கிறோம். இப்படிப்பட்டவர்களை "தியாகி" என்று புகழ்வது! மாக்கெலேலே பற்றி எழுதும் ரசிகர்கள் முக்கால்வாசிப் பேர் அப்படித்தான் எழுதுகிறார்கள். பிறருக்காகத் தன்னைக் கரைத்துக்கொண்டவர், தன்னலம் இல்லாதவர் என்றெல்லாம். அபத்தம். தன்னலம் இல்லாதவர் சம்பள உயர்வு கேட்பாரா? கிடைக்காவிட்டால் கிளம்பிப் போவாரா? அவர் செய்தது தியாகம் இல்லை, தொழில். படித்துப் பழகிய, அவர் அளவுக்கு மிகச் சிலரே செய்த தொழில். தொழில் என்று ஒத்துக்கொண்டால் கூலி கொடுக்க வேண்டும். தியாகம் என்று சொல்லிவிட்டால் ஒரு மாலையோடு போயிற்று.

நம் வீடுகளையே பாருங்கள். மூன்று வருடத்துக்கு ஒரு டிரான்ஸ்ஃபர். ஒவ்வொரு ஊரிலும் புது பாஷை, புது பள்ளிக்கூடம், புது கேஸ் கனெக்‌ஷன். இதையெல்லாம் சமாளித்துக் குடும்பம் சிதறாமல் நிறுத்தியது யார்? பிரமோஷன் எனக்கு வந்தது. வருடா வருடம் விழாவில் "எங்க வீட்டம்மாவோட தியாகம்" என்று மைக்கில் பேசுவேன். அவள் எம்.எஸ்சி. முடித்தவள். அவள் பெயரில் ஒரு ஃபிக்சட் டெபாசிட் போடத் தோன்ற எனக்குப் பதினாறு வருடம் ஆயிற்று, அதுவும் அவள் வாய்விட்டுக் கேட்ட பிறகு. பெரெஸைத் திட்ட எனக்கு என்ன யோக்கியதை?

பெரெஸாவது பாடம் படித்தார். 2009-ல் மறுபடி தலைவர் ஆனார். 2013-ல் குறைந்த விலைக்கு கசெமிரோ வந்தார். 2016, 2017, 2018 என்று தொடர்ந்து மூன்று சாம்பியன்ஸ் லீக் வென்ற அணியில் டிஃபென்சுக்கு முன்னால் நின்றவர் அவர். பயிற்சியாளர் யார் தெரியுமா? ஜிடேன்! எஞ்சின் எது என்று அவருக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை.

முழுசாகப் படித்தாரா என்பது சந்தேகம்தான். 2024 அக்டோபரில் பாரிசில் பாலோன் தோர் விருது மான்செஸ்டர் சிட்டியின் ரோட்ரிக்குப் போனது. டிஃபென்சுக்கு முன்னால் நிற்கும் அதே வேலைக்காரர். தங்கள் வினிசியஸுக்குக் கிடைக்கவில்லை என்று மாட்ரிட்டிலிருந்து ஒருவரும் விழாவுக்கே போகவில்லை. அதற்கு முந்தைய மாதம்தான் ரோட்ரிக்கு முழங்காலில் பலத்த காயம். தொடர்ந்து நான்கு வருடம் லீக் வென்ற சிட்டி அந்த சீசனில் மூன்றாவது இடத்தில் முடித்தது. மாக்கெலேலே கணக்கு மறுபடி ஒருமுறை டேலி ஆனது.

இதையெல்லாம் பையனிடம் சொன்னேன். பாதி கேட்டான், பாதி போனைப் பார்த்தான். கடைசியில் ஒரே ஒரு கேள்வி: "அப்ப அவர் விட்டுட்டுப் போனது சரிதானே?" சரிதான் என்றேன். வேலையைப் பழகு, அதற்குரியதைக் கேள், கிடைக்காவிட்டால் போ. ஆனால் பழகுவதற்கு முன்னால் போகாதே.

போன சனிக்கிழமை அவன் ஆட்டத்துக்கு ஒரு சின்ன நோட்டு எடுத்துக்கொண்டு போனேன். எதிரணியின் பாஸை அவன் மறித்தால் ஒரு கோடு. மேலே போன பையனின் இடத்தில் போய் நின்றால் இன்னொரு கோடு. பக்கத்தில் இருந்த வங்காளிப் பெரியவர் எட்டிப் பார்த்துவிட்டு, தானும் சேர்ந்து எண்ண ஆரம்பித்துவிட்டார். முதல் பாதியில் பதினேழு. ஆட்டம் 1-0, கோல் போட்டது வேறு பையன்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமைச் சாப்பாடு எங்கள் வீட்டில். நண்பர் வருவார், நோட்டு மேஜை மேல்தான் இருக்கும்.